சட்டத்தில் இல்லாத குற்றத்துக்குத் தீர்ப்பு

கேள்வி: எகிப்தின் குற்றவியல் சட்டத்தில் மதத்தை விட்டு விலகுவது குற்றமே இல்லை. பிறகு கெய்ரோ பல்கலைக்கழகத்தின் குர்ஆன் ஆய்வாளர் நஸ்ர் ஹாமித் அபூ ஸைதை நீதிமன்றம் ‘முர்தத்’ (மதத்தை விட்டு விலகியவர்) என்று அறிவித்ததாக எழுதுவது மேற்கத்திய ஊடகம் கிளப்பிய கதைதானே? குர்ஆனை மறுத்த நாத்திகருக்கு ஏன் இவ்வளவு பரிவு?

பதில்: குற்றவியல் சட்டத்தில் இல்லை என்பது சரி. அதனால்தான் குடும்பச் சட்டத்தின் வழியாக உள்ளே நுழைந்தார்கள். சட்டம் வாய் திறக்காத குடும்ப விவகாரங்களில் ஹனஃபி மத்ஹபின் (இஸ்லாமியச் சட்டப் பள்ளிகளில் ஒன்று) வலுவான கருத்தைப் பின்பற்றச் சொன்னது அன்று நடைமுறையில் இருந்த 1931ஆம் ஆண்டின் 78ஆம் சட்டம், 280ஆம் பிரிவு. அதன்படி முஸ்லிம் பெண் முஸ்லிமல்லாதவருக்கு மனைவியாக இருக்க முடியாது. எனவே கணவர் முர்தத் என்று நிறுவிவிட்டால் போதும், நிக்காஹ் (திருமணம்) முறிந்துவிடும். 1993இல் சில வழக்கறிஞர்கள் போட்ட மனு இதுதான். பிரித்துவிடுங்கள் என்று அபூ ஸைதும் கேட்கவில்லை, மனைவி இப்திஹால் யூனுஸும் கேட்கவில்லை.

மனுதாரருக்கு நேரடி நலன் எதுவும் இல்லை என்று 1994 ஜனவரியில் கீஸா நீதிமன்றம் மனுவைத் தள்ளியது. 1995 ஜூன் 14 அன்று கெய்ரோ மேல்முறையீட்டு நீதிமன்றம் அதைப் புரட்டிப்போட்டு, அவரை முர்தத் என அறிவித்துத் தம்பதியரைப் பிரித்தது: மதத்தைக் காக்கும் கடமை என்னும் ‘ஹிஸ்பா’ முறைப்படி எந்த முஸ்லிமும் வழக்குத் தொடுக்கலாமாம். சுதாரித்துக்கொண்ட அரசு, இனி இத்தகைய மனு அரசு வழக்குத்தொடுநர் வழியாகத்தான் வர வேண்டும் என்று 1996 தொடக்கத்தில் சட்டம் போட்டது. பயனில்லை. அதே ஆண்டு ஆகஸ்டில் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பை உறுதிசெய்தது. தீர்ப்பை நிறைவேற்றப் பின்னர் தடை கிடைத்தது. அதற்குள் தம்பதியர் நெதர்லாந்தின் லெய்டனில் இருந்தார்கள்.

‘நாத்திகர்’ என்ற பட்டத்துக்கு வருவோம். அபூ ஸைத் வஹீயை (இறைச்செய்தியை) மறுக்கவில்லை. தம்மை முஸ்லிம் என்றே கடைசிவரை சொன்னார். இறைச்செய்தி 7ஆம் நூற்றாண்டு அரபியில், அந்த மக்களின் வாழ்க்கைக்குள் வந்தது. எனவே அதன் பொருளை மொழியையும் வரலாற்றையும் கொண்டே தேட வேண்டும் என்றார். பகுத்தறிவை முன்வைத்த பழைய இறையியலாளர்களான முஃதஸிலாக்களின் உருவக விளக்கத்தையும் சூஃபி ஞானி இப்னு அரபியையும் ஆய்வு செய்தவரிடம் வேறு என்ன எதிர்பார்த்தீர்கள்?

வினை வந்தது அரசியலால். 1992இல் வெளியான நூலில், ‘மிதவாதி’யும் ‘தீவிரவாதி’யும் சிந்திக்கும் முறையில் ஒன்றே, வேறுபாடு அளவில்தான் என்றார். தம் விளக்கத்தையே மதமாக்குவது, முன்னோர் வாக்கை ஆதாரமாக்குவது, வரலாற்றை அழிப்பது என இருவருக்கும் கருவிகள் பொது. இதை மிகை என்றார்கள். மறு ஆண்டே, முர்தத் என்று சொல்லித் தீவிரவாதிகள் கொன்ற எழுத்தாளர் ஃபரஜ் ஃபூதாவின் கொலை வழக்கில், மிதவாதி எனப் பெயரெடுத்த மத அறிஞர் ஷேக் முஹம்மது அல்-கஸாலி சாட்சிக் கூண்டேறி, முர்தத்தைக் கொன்ற தனிமனிதருக்கு இஸ்லாத்தில் தண்டனை இல்லை என்றார்.

அதே நூல் இஸ்லாமிய முதலீட்டு நிறுவனங்களையும் சாடியது. கெய்ரோ பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் பதவி உயர்வுக்கான மூன்று மதிப்பீடுகளில் இரண்டு அவருக்கு ஆதரவு. எதிராக எழுதிய அப்துஸ் ஸபூர் ஷாஹீன், அத்தகைய நிறுவனங்களில் ஒன்றான, மக்கள் பணத்தோடு மூழ்கிய ரய்யானுக்கு ஆலோசகராக இருந்தவர். மிச்சத்தை நீங்களே கூட்டிக்கொள்ளலாம்.

முஸ்லிமல்லாதவர் மீதான ஜிஸ்யா வரியும் அடிமைப் பெண்ணை உடைமையாக வைத்திருப்பதும் இக்காலத்துக்குப் பொருந்தா என்று எழுதியதும் தீர்ப்பில் அவருக்கு எதிராக எண்ணப்பட்டது. இரண்டையும் எகிப்து அரசே 19ஆம் நூற்றாண்டில் கைவிட்டுவிட்டது. அந்தக் கணக்கில் எகிப்தை அன்று ஆண்ட கெதிவ்களில் எத்தனை பேர் முர்தத் ஆவார்கள் என்று அடுத்த கடிதத்தில் எழுதுங்கள்.