புளியந்தீவு உண்மையிலேயே தீவா? சுதந்திரத்துக்கு முன் அங்கே பிழைப்பு எப்படி?

ஆமாம், தீவுதான். இலங்கையின் கிழக்கே, மட்டக்களப்பு நகரின் பழைய பகுதியான இது வாவிக்கு நடுவே இருக்கிறது. கோட்டை, பழைய கச்சேரி (அரச அலுவலகம்), 1814இல் தொடங்கிய மெதடிஸ்த மத்திய கல்லூரி எல்லாம் அங்கேதான். 1924இல் கல்லடிப் பாலம் வரும்வரை கிழக்கே கடற்கரைப் பக்கம் போக வேண்டுமென்றால் தோணிதான்.

ஆனால் தீவுக்குச் சோறு போட்டது படுவான்கரை. சூரியன் படும் மேற்குக் கரை என்பதால் அந்தப் பெயர், எதிரே எழுவான்கரை. வயல் போடியார் என்ற நிலக்காரருடையது. அதை நின்று பார்ப்பவர் முல்லைக்காரர், அவருக்குக் கூலி பெரும்பாலும் நெல்லாகவே கிடைக்கும். அறுத்த கதிரைச் ‘சூடு’ என்னும் போராக அடுக்கி, களத்தில் மாடுகளைச் சுற்றவிட்டு மிதிப்பார்கள். களத்துக்குள் கால் வைத்தால் பேச்சே மாறிவிடும்: நெல்லை நெல் என்று சொல்லக்கூடாது, ‘பொலி’ என்றுதான் சொல்ல வேண்டும். எனக்கு இந்த வழக்கம் ரொம்பப் பிடிக்கும்.

வாவியில் வீச்சுவலை, ஆழம் குறைந்த இடத்தில் இறாலுக்கு அத்தாங்கு என்னும் கைவலை. மீனைக் கொடுத்து நெல் வாங்குவதும் உண்டு. நிலா இரவில் தோணிக்காரர் சவள் என்னும் துடுப்பை நீருக்குள் விட்டு, மறுமுனையில் காதை வைத்து மீன் பாடுவதைக் கேட்பார்களாம். பாடுவது மீனா, சிப்பியா என்ற சண்டை இன்னும் ஓயவில்லை!

வீட்டுக்குள் பெண்வழி. குடி என்னும் குலப்பிரிவு தாய்வழியே வரும், வீடு மகளுக்குச் சீதனமாகப் போகும், மாப்பிள்ளைதான் மூட்டை கட்டிக்கொண்டு வர வேண்டும். தமிழர், முஸ்லிம்கள் இருவரிடமும் இது உண்டு.