சூடோமோனாஸ் தெளித்தால் மழை வருமா?

காற்றில் உள்ள பாக்டீரியாக்கள் மழையைத் தருகின்றன என்றால், பயிர்நோயைத் தடுக்க நாம் பயன்படுத்தும் சூடோமோனாஸ் என்ற பாக்டீரியாவை வயலில் தெளித்து மழையை வரவழைக்க முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். மன்னார்குடிப் பக்கம் சம்பா சாகுபடி செய்யும் குடும்பத்தில் பிறந்து, பின்னர் நுண்ணுயிரியல் படித்தவன் என்ற முறையில் பதில் சொல்கிறேன்: மேகத்தில் பாக்டீரியாக்களுக்கு வேலை உண்டு, ஆனால் தெளிப்பதால் மழை வராது.

நீராவி துளியாகத் திரள ஒரு துகள் வேண்டும். கடல் உப்பும் தூசியும் புகையுமே அதற்குத் தாராளமாகக் கிடைப்பதால், இந்தக் கட்டத்தில் நுண்ணுயிர்களின் பங்கு சிறியது. அவற்றின் தனித்திறமை, துளியை உறையவைப்பதில் இருக்கிறது. உறைந்த படிகம் வளர்ந்து கனமாகிக் கீழே விழும்போது உருகி மழையாகும். தூய நீரின் நுண்துளி மைனஸ் 38 டிகிரி செல்சியஸ் வரைகூட உறையாமல் நீராகவே இருக்கும். மண்தூசி இருந்தாலும் பெரும்பாலும் மைனஸ் 15 டிகிரிக்குக் கீழே போனால்தான் உறையத் தொடங்கும். இலைகளில் வாழும் சூடோமோனாஸ் சிரிஞ்சே என்ற பாக்டீரியாவோ, தன் வெளிச்சவ்வில் உள்ள புரதத்தின் மேல் நீர் மூலக்கூறுகளைப் பனிக்கட்டியின் ஒழுங்கிலேயே அடுக்கி, மைனஸ் 2 டிகிரியிலேயே உறைதலைத் தொடங்கிவைக்கும். மைனஸ் 3 முதல் 8 டிகிரி வரையுள்ள அடுக்கில் உறையும் துளிகள் சிதறிப் புதிய படிகங்களை உண்டாக்குவதால், சில செல்களே பெரிய விளைவைத் தரக்கூடும்.

இலையிலிருந்து மேலெழுந்த பாக்டீரியா மழையோடு இறங்கி மீண்டும் பயிரில் பெருகுகிறது என்ற கருத்தை அமெரிக்காவின் டேவிட் சாண்ட்ஸ் 1982இல் முன்வைத்தார். 2008இல் பிரெண்ட் கிறிஸ்ட்னர் குழுவினர், அண்டார்க்டிகா உட்படப் பல இடங்களின் பனிப்பொழிவில் இத்தகைய உயிர்த்துகள்களைக் கண்டார்கள். என்னை இன்றும் வியக்க வைக்கும் ஆய்வு அது.

இனி நம் டெல்டாவுக்கு வருவோம். இங்கே காற்றின் வெப்பநிலை பூஜ்ஜியத்தைத் தொடுவதே ஏறக்குறைய 5 கிலோமீட்டர் உயரத்தில்தான். அதற்குக் கீழே நின்றுவிடும் மேகங்கள், துளிகள் ஒன்றோடொன்று மோதிச் சேர்வதால் மட்டுமே பொழிகின்றன. உறைதலுக்கு அங்கே இடமில்லை. ஐப்பசி, கார்த்திகையில் நமக்கு மழை கிடைப்பதற்கு வங்கக் கடலின் ஈரமும் அங்கே உருவாகும் தாழ்வு நிலைகளுமே அடிப்படை. அந்த ஈரம் இல்லாத வானத்தில் எந்தப் பாக்டீரியாவாலும் ஒன்றும் செய்ய இயலாது.

மேலும், நாம் கடையில் வாங்குவது சூடோமோனாஸ் ஃப்ளோரசன்ஸ் என்ற வேறு இனம். கிலோ விதைக்கு 10 கிராம் கலந்து விதை நேர்த்தி செய்தால் குலை நோயைக் கட்டுப்படுத்த உதவும். அந்தப் பயனுக்காகவே அதை வாங்குங்கள்.