ஒட்டாவா மேசையில் இல்லாதவர்கள்

*வணக்கம். பொருளாதார முதுகலை மாணவன் நான். பிரிட்டிஷ் பேரரசு நாடுகள் ஒன்றுக்கொன்று இறக்குமதி வரிச் சலுகை கொடுக்கச் செய்த 1932 ஒட்டாவா ஒப்பந்தம் பற்றி ஆய்வேடு எழுதுகிறேன். எங்கள் ஊர்க்காரர் ஆர்.கே. சண்முகம் செட்டியார் அந்த மாநாட்டுக்குப் போன இந்தியக் குழுவில் இருந்தார். அதனால்தான் 1934 தேர்தலில் தோற்றார் என்கிறார்கள். ஆனால் ஒப்பந்தத்துக்குப் பிறகு இந்திய ஏற்றுமதியில் பிரிட்டனின் பங்கு கூடியிருக்கிறது. நாம் கொடுத்ததைவிட வாங்கியது அதிகம் என்றே எனக்குப் படுகிறது. எதிர்த்தவர்கள் கணக்குப் பார்க்காமல் உணர்ச்சிவசப்பட்டவர்கள் என்று எழுதலாமா? செட்டியார் செய்தது சரியா, தவறா?*

*க., கோயம்புத்தூர்*

அன்புள்ள க.,

இலங்கையில் 1934இல் வந்த துணி இறக்குமதிக் கோட்டாவைப் (அளவு வரம்பைப்) பற்றிப் படித்துக்கொண்டிருந்த நேரத்தில் உங்கள் கடிதம் வந்தது. அதனால் உடனே எழுதுகிறேன். ஊர்க்காரர் ஒருவரின் பெயரைப் பிடித்துக்கொண்டு இவ்வளவு பெரிய விஷயத்துக்குள் நுழைந்திருக்கிறீர்கள், அது எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் 'உணர்ச்சிவசப்பட்டவர்கள்' என்பதை ஆய்வேட்டிலிருந்து எடுத்துவிடுங்கள். கோபப்பட்டவருக்கெல்லாம் கணக்குத் தெரியாது என்று நினைப்பது பெரிய அகந்தை. இந்த வயதிலேயே அதை விட்டுவிடுங்கள்.

சரி, கணக்கையே பார்ப்போம். இந்தியா கொடுத்தது, பிரிட்டிஷ் மோட்டார் வண்டிகளுக்கு 7.5 சதவீதமும் வேறு பல பொருள்களுக்கு 10 சதவீதமும் வரிச் சலுகை. வாங்கியதில் நீங்கள் பெரிதாகச் சொல்வது தேயிலை. வெளிநாட்டுத் தேயிலைக்கு றாத்தலுக்கு நாலு பென்ஸ், பேரரசுக்குள் விளைந்ததற்கு இரண்டு பென்ஸ். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் பிரிட்டன்காரர் குடித்த தேயிலையில் பெரும்பகுதி ஏற்கெனவே இந்தியாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும்தான் போனது. இரண்டுக்கும் ஒரே சலுகை என்றால் ஒன்றோடொன்று போட்டி போடுவது எங்கே குறையும்? லண்டனில் இடம் குறைந்த ஜாவாத் தேயிலை வேறு சந்தைகளுக்குப் போய் அங்கே விலையை இறக்கும். 1933இல் இந்தியாவும் இலங்கையும் டச்சு இந்தியத் தீவுகளும் (ஜாவா உள்ள இன்றைய இந்தோனேசியா) சேர்ந்து ஏற்றுமதியைக் கட்டுப்படுத்த ஒப்பந்தம் போட வேண்டி வந்தது. அந்த இரண்டு பென்ஸ் சலுகையே விலையைத் தூக்கி நிறுத்தியிருந்தால் அதற்குத் தேவையே வந்திராது. பங்கு கூடியது என்கிறீர்கள். உலக வர்த்தகமே சுருங்கிக் கிடந்த வருடங்களில் பங்கை மட்டும் வைத்து என்ன சொல்ல முடியும்? அளவையும் விலையையும் பாருங்கள்.

இதற்கு மேல் சதவீதத்தைப் பற்றி நான் பேசப் போவதில்லை. அதைவிட முக்கியமான ஒன்றை உங்கள் கடிதம் தொடவே இல்லை. இந்தப் பேரத்தில் யாரால் 'முடியாது' என்று சொல்ல முடிந்தது?

கனடாவைப் பாருங்கள். 1859இல் அது இறக்குமதி வரியை ஏற்றியபோது இங்கிலாந்தின் ஷெஃபீல்டு உற்பத்தியாளர்கள் லண்டனிடம் முறையிட்டார்கள். கனடாவின் நிதியமைச்சர் அலெக்சாண்டர் கால்ட், எங்கள் வரியை நாங்களே முடிவு செய்வோம் என்று திருப்பி எழுதினார். லண்டன் விட்டுக்கொடுத்தது. 1897இல் கனடா தானாக முன்வந்து பிரிட்டனுக்குச் சலுகை கொடுத்தது என்றால், கொடுக்காமல் இருக்கவும் அதனால் முடிந்தது. அதே காலத்தில் இந்தியாவுக்கு என்ன நடந்தது? இங்கிலாந்தின் லங்காஷயர் துணி ஆலைக்காரர்களின் நெருக்குதலில் 1882இல் இறக்குமதி வரிகள் அநேகமாக எல்லாமே எடுக்கப்பட்டன. பிறகு பணமுடையால் துணிக்கு மறுபடி வரி போட்டபோது, 1896இல் இந்திய ஆலைத் துணிக்கும் அதே 3.5 சதவீதம் கலால் வரி வந்தது. தன் நாட்டு ஆலைக்குத் தானே வரி போடும் அரசு! 1925 வரை அது நீடித்தது.

1930இல் பருத்தித் துணிக்குப் பாதுகாப்பு வேண்டும் என்றால் பிரிட்டிஷ் துணிக்கு 15, மற்றதற்கு 20 சதவீதம் என்பதை ஏற்க வேண்டும் என்றார்கள். அதை எதிர்த்து மதன் மோகன் மாளவியா டில்லி மத்திய சட்டசபையிலிருந்தே விலகினார். ஆறு வருடம் கழித்து, 1936இல், அதே சபை ஒட்டாவா ஒப்பந்தத்தை முடிக்கச் சொல்லி வாக்களித்தது. 1939இல் வந்த புதிய ஒப்பந்தத்தையும் நிராகரித்தது. வைஸ்ராய் தன் அதிகாரத்தால் அதை நிறைவேற்றினார். உங்கள் 'உணர்ச்சி' இதுதான் தம்பி.

இலங்கைக்கு இந்தப் பாதி உரிமைகூட இல்லை. ஒட்டாவாவில் இந்தியாவும் தெற்கு ரொடீசியாவும் (இன்றைய ஜிம்பாப்வே) உட்பட ஒன்பது குழுக்கள் உட்கார்ந்தன. இலங்கைக்குத் தனிக் குழு கிடையாது. காலனிகள் எல்லாவற்றுக்குமாகப் பேசியவர் காலனி மந்திரி கன்லிஃப்-லிஸ்டர். இத்தனைக்கும் 1931இலேயே ஆண், பெண் எல்லோருக்கும் வாக்குரிமை கிடைத்த நாடு அது. ஹட்டனிலிருந்து அரசாங்க சபைக்கு (இலங்கையின் சட்டசபை) வந்த பெரி சுந்தரம்தான் தொழில், வர்த்தக அமைச்சர்.

அப்புறம் 1934 வந்தது. யென்னின் மதிப்பு விழுந்திருந்ததால் யப்பான் துணி மிக மலிவாக வந்துகொண்டிருந்தது. ஏழைகள் அதைத்தான் உடுத்தினார்கள். லங்காஷயருக்குப் பொறுக்கவில்லை. காலனிகளில் அந்நியத் துணி இறக்குமதியை 1927-31 காலத்தில் வந்த அளவோடு கட்டிப்போடுவதென்று லண்டன் முடிவு செய்தது. அரசாங்க சபை மறுத்தது. சபையை ஒதுக்கிவிட்டு மன்னரின் ஆணையாகக் கோட்டா திணிக்கப்பட்டது. மக்கள் வாக்களித்து அனுப்பிய சபை, தன் மக்கள் எந்தத் துணியை வாங்கலாம் என்பதைக்கூட முடிவு செய்ய முடியவில்லை.

என் அம்மம்மா அப்போது வடமராட்சியில் பள்ளிக்கூடம் போகிற பிள்ளை. யப்பான் சீத்தைத் துணியில் தைத்த பாவாடை சட்டைதான் அவவுக்கும் அக்காவுக்கும். அந்தச் சீத்தை கடைக்கு வருவது குறைந்தது. வந்ததும் விலை கூடியது. மான்செஸ்டர் துணி கெட்டி, நல்லது, ஆனால் வாங்கக் காசில்லை. அந்த வருடம் இருவருக்கும் சேர்த்து ஒரு நல்ல உடுப்புத்தான் எடுத்தார்களாம். அதனால் அக்கா பள்ளிக்கூடம் போன நாளில் அம்மம்மா போகவில்லை. பிறகு அக்காவை நிறுத்திவிட்டார்கள். அம்மம்மாவுக்கு ஒட்டாவாவும் தெரியாது, பிரிட்டிஷ் வர்த்தக மந்திரி ரன்சிமானும் தெரியாது. துணி ஏன் வரவில்லை என்று கடைக்காரரிடம் கேட்டதும், அவர் 'வெள்ளைக்காரன் நிப்பாட்டிப்போட்டான்' என்று சொன்னதும் கடைசிவரை நினைவிருந்தது. நான் பொருளாதாரம் படிக்கப் போனபோது, அவன் ஏன் நிப்பாட்டினவன் என்று படிச்சுச் சொல்லு மோனை என்றா. எனக்கு விளங்கியபோது அவ இல்லை.

வரிச் சலுகையை வைத்து இரண்டு நாடுகளின் கணக்கைக் கூட்டிக் கழிக்கும்போது இந்தப் பிள்ளைகள் எந்தப் பத்தியிலும் வருவதில்லை. தேயிலைக்குக் கிடைத்த இரண்டு பென்ஸ் தோட்டக் கம்பனிக்குப் போனது. துணியில் ஏறிய விலையைக் கொடுத்தது ஏழை வீடு. இரண்டையும் 'இலங்கை' என்ற ஒரே தலைப்பின் கீழ் கூட்டினால் விடை நன்றாகத்தான் வரும். நீங்கள் 'நாம் வாங்கியது' என்று எழுதியிருக்கிறீர்களே, அந்த 'நாம்' யார் என்று தயவுசெய்து பிரித்து எழுதுங்கள்.

செட்டியார் விஷயம். 1934 தோல்விக்கு ஒட்டாவா ஒரு காரணம் மட்டும்தான்; சட்டசபைத் தேர்தலுக்குக் காங்கிரஸ் திரும்பி வந்த வருடம் அது. உலக வங்கியும் ஐ.எம்.எஃப்.பும் உருவான 1944 பிரெட்டன் வுட்ஸ் மாநாட்டுக்குப் போனவர், சுதந்திர இந்தியாவின் முதல் பட்ஜெட்டைப் படித்தவர். அவரைத் துரோகி என்றும் எழுதாதீர்கள், தியாகி என்றும் எழுதாதீர்கள். டில்லி சட்டசபையின் 1932, 1936 விவாதங்களை முழுதாகப் படியுங்கள். முடிந்தால் கொழும்பு அரசாங்க சபையின் 1934 பதிவுகளையும் தேடுங்கள். தேயிலை அத்தியாயம் முடிந்ததும் எனக்கு அனுப்புங்கள். கடுமையாகத்தான் திருத்துவேன்.

அன்புடன்.