காலுக்கு ஏற்ற பாட்டு: சைக்கிள் வகுப்புக் கேள்வி-பதில்

காரைக்குடியில், நின்ற இடத்திலேயே மிதிக்கும் உடற்பயிற்சிச் சைக்கிளில் 45 நிமிட வகுப்பு நடத்துகிறேன். எல்லோருக்கும் பிடித்த வேகமான பாட்டுகளைத்தான் போடுகிறேன். ஆனாலும் கால்கள் ஆளுக்கொரு பக்கம் ஓடுகின்றன. ஏன்?

காதுக்குப் பிடித்த பாட்டெல்லாம் காலுக்குப் பொருந்தாது. 15 விநாடியில் எத்தனை தாள அடி விழுகிறது என்று தொடையில் தட்டி எண்ணி, நான்கால் பெருக்குங்கள். நிமிடத்துக்கு 130 வந்தால், அடிக்கு ஒரு கால் என்று மாறி மாறி மிதிக்கும்போது நிமிடத்துக்கு 65 மிதிச்சுற்றுதான் ஆகும். அது மேடேறும் பாட்டு. மிதியின் இறுக்கத்தைக் கூட்டிவிட்டுத்தான் போட வேண்டும். நீங்கள் அதையே இறுக்கமில்லாமல் ஓட்டச் சொல்கிறீர்கள் என்று நினைக்கிறேன். பாரம் இல்லாத கால் பாட்டை முந்திக்கொண்டு ஓடத்தான் செய்யும். சமதள ஓட்டத்துக்கு 80 முதல் 110 சுற்று வழக்கம். அதற்கு 160க்கு மேல் அடியுள்ள பாட்டு வேண்டும். அல்லது 80, 90 அடிப் பாட்டைப் போட்டு, அடிதோறும் வலது கால் இறங்கட்டும். எனக்குப் பிடித்தது இரண்டாவது வழி, புதியவர்களுக்கும் எளிது.

தைப்பூசத்துக்குப் பழனிக்கு நடப்பவர்கள் சிலர் எங்கள் வகுப்பில் இருக்கிறார்கள். காவடிச் சிந்து போடலாமா?

தாராளமாகப் போடுங்கள். குன்றக்குடியிலிருந்து காவடியோடு நடந்த கால்களுக்கு அந்தத் துள்ளல் புதிதல்ல. திஸ்ர நடைச் சிந்துகளை (மூன்று மூன்று மாத்திரையாக, அதாவது சிறு தாள அலகாக, நடப்பவை) எடுத்து, மூன்று மாத்திரைக்கு ஒரு மிதி என்று வையுங்கள். ஐந்து ஐந்து மாத்திரையாக நடக்கும் கண்ட நடையில் மட்டும் கவனம் தேவை. மாத்திரைக்கு ஒரு மிதி என்று போனால், ஐந்து ஒற்றைப்படை என்பதால் அழுத்தம் ஒருமுறை வலது காலிலும் மறுமுறை இடது காலிலும் விழும். பழகியவர்களுக்கு அது விருந்து, புதியவர்கள் தடுமாறுவார்கள்.

கானாடுகாத்தானில் பழைய வீட்டுக் கூடத்தில் வகுப்பு. பாட்டு எதிரொலித்துக் குழம்புகிறது. ஒலியைக் கூட்டலாமா?

வேண்டவே வேண்டாம். வழவழப்பான சுண்ணாம்புச் சுவரும் ஆத்தங்குடிக் கல்லும் ஒலியை உறிஞ்சாமல் திருப்பி அனுப்புகின்றன. கூட்டினால் குழப்பமும் கூடும். ஜமக்காளம் விரியுங்கள், கனத்த திரை கட்டுங்கள், ஒரு பெரிய ஸ்பீக்கருக்குப் பதில் சிறிய இரண்டை ஆட்கள் அருகே வையுங்கள். 85 டெசிபலை ஒரு நாளில் எட்டு மணி நேரம் தாங்கலாம் என்பது வேலையிடக் கணக்கு. ஒவ்வொரு 3 டெசிபலுக்கும் நேரம் பாதியாகும். 94 என்றால் ஒரு மணி நேரம்தான். நாளுக்கு மூன்று வகுப்பு எடுக்கும் உங்கள் காதுதான் முதலில் கெடும்.

கைப்பேசிச் செயலிக்குச் சந்தா கட்டியிருக்கிறேன். வகுப்பில் போட அது போதுமா?

போதாது. அது உங்கள் சொந்தக் கேட்புக்கு மட்டுமே. கட்டணம் வாங்கும் வகுப்பில் ஒலிக்க, 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி உரிமையாளர்களிடம் தனி உரிமம் பெற வேண்டும்.