பாரிமுனை முதல் மாடிப் பூங்கா வரை: புதிர் நடை பற்றி உங்கள் கேள்விகள்

(வழிகாட்டி யாரும் இல்லாமல், கையில் போனோ காகிதமோ வைத்துக்கொண்டு, ஒவ்வொரு துப்பாக அவிழ்த்து ஒரு ஊரைச் சுற்றும் விளையாட்டைப் பற்றிச் சென்ற இதழில் எழுதியிருந்தேன். அதற்கு வந்த கேள்விகள் இவை.)

மகன் வேலை பார்க்கும் வெளிநாட்டு நகரத்தில் இதை விளையாடினோம். பழைய கட்டடத்தின் முன்னால் நின்று, சுவரில் இருக்கும் எழுத்தைப் பார்த்துப் பதில் போட்டால்தான் போனில் அடுத்த துப்பு வந்தது. நன்றாகப் பொழுது போனது. நம் வடசென்னைக்கு இது ஒத்துவருமா? — வாசகர், பெரம்பூர்

ஒத்துவருமாவா? இதற்கென்றே கட்டிவைத்த மாதிரி இருக்கிறதே ஜார்ஜ் டவுன்! ராயபுரத்தில் பிறந்து வளர்ந்தவள் நான். பள்ளியில் வரலாறு எடுத்த காலம் முழுக்க, பிள்ளைகளை இந்தத் தெருக்களில் காகிதப் புதிரோடு நடக்கவிட்டிருக்கிறேன். அந்தத் தைரியத்தில் சொல்கிறேன்.

ஆரம்பக் கதையும் சுவையானது. 1854-லேயே இங்கிலாந்தின் டார்ட்மூர் சதுப்பு வெளியில், நடந்து வருபவர்கள் தங்கள் முகவரி அட்டையைப் போட்டுவிட்டுப் போக ஒரு புட்டியை வைத்திருந்தார்கள். போன் வழியாக ஆடும் வகைக்கு விதை விழுந்தது 2000 மே மாதத்தில். அதுவரை ஜிபிஎஸ் துல்லியமாகக் கிடைக்காதபடி அமெரிக்கா வேண்டுமென்றே குளறுபடி செய்து வைத்திருந்தது. மே 2 அன்று அதை விலக்கிக்கொண்டது. மறுநாளே ஆரிகன் மாநிலத்தில் ஒருவர் ஒரு வாளியில் சில பொருள்களைப் போட்டுக் காட்டுக்குள் மறைத்துவைத்து, இடத்தின் எண்களை இணையத்தில் வெளியிட்டார். தேடும் கூட்டம் கிளம்பிவிட்டது.

நமக்கு எதையும் மறைத்துவைக்க வேண்டிய அவசியமே இல்லை. எல்லாம் கண்ணெதிரே இருக்கிறது, பார்க்கத்தான் ஆளில்லை. பாரிமுனையில் டேர் ஹவுஸை ஒட்டி நிற்கும் கல்தூணையே எடுத்துக்கொள்ளுங்கள். 1758-59-இல் பிரெஞ்சுக்காரர்கள் புனித ஜார்ஜ் கோட்டையை முற்றுகையிட்டபோது, பக்கத்திலிருந்த குடியிருப்பு அவர்கள் ஒளிந்துகொள்ள வசதியாகப் போயிற்று. முற்றுகை முடிந்ததும் ஆங்கிலேயர்கள் அந்த வீடுகளை இடித்துத் திடலாக்கி, ‘இதற்கு இந்தப் பக்கம் யாரும் கட்டக் கூடாது’ என்று 1773-இல் ஆறு எல்லைத் தூண்கள் நட்டார்கள். மிஞ்சியது இது ஒன்றுதான். இடித்த இடத்தில் இன்று உயர் நீதிமன்றம் நிற்கிறது. அங்கிருந்து துரத்தப்பட்ட மக்கள் போய்ச் சேர்ந்த இடம்தான் நம் முத்தியால்பேட்டையும் பெத்தநாயக்கன்பேட்டையும். பஸ்ஸுக்கு ஓடுகிற அவசரத்தில் எத்தனை ஆயிரம் பேர் அந்தத் தூணைத் தினமும் தாண்டிப் போகிறார்கள்! அதை ஒருவரை நிற்கவைத்துப் பார்க்கவைத்தால் போதும் எனக்கு.

நாங்கள் நாலு தோழிகள் சேர்ந்து இப்படி ஒரு விளையாட்டை நாங்களே தயாரிக்க நினைக்கிறோம். நல்ல துப்பு எப்படி இருக்க வேண்டும்? — கல்லூரி மாணவி, கொருக்குப்பேட்டை

கேட்டதே சந்தோஷம் கண்ணு. முதல் சட்டம்: வீட்டில் உட்கார்ந்து தேடிப் பதில் சொல்ல முடிந்தால் அது துப்பே இல்லை, பொது அறிவுக் கேள்வி. ‘உயர் நீதிமன்றம் எந்த ஆண்டு திறக்கப்பட்டது?’ என்று கேட்டால் 1892 என்று யாரும் நொடியில் தட்டிவிடுவார்கள். தலை நிமிரவே நிமிராது.

அதையே இப்படிக் கேட்டுப் பாருங்கள். ‘நான் வெளிச்சம். முதலில் கோட்டைக்குள் ஒரு மாடியில் குடியிருந்தேன். பிறகு ஒரு கல் கம்பத்துக்கு மாறினேன். அப்புறம் நீதி சொல்லும் இடத்தின் தலைமேல் ஏறினேன். பாரிமுனை எல்லைத் தூண் பக்கம் நின்று பார், நான் இருந்த மூன்றாவது வீடு தெரியும். அதன் உச்சி எந்த வடிவம்?’ இது நம் கலங்கரை விளக்கத்தின் கதை. 1796-இல் கோட்டையில், இப்போது அருங்காட்சியகம் இருக்கும் கட்டடத்தின் மேல். 1844-இல் தனித் தூணில் (அந்தத் தூண் நீதிமன்ற வளாகத்துக்குள் இன்னமும் நிற்கிறது). 1894-இல் நீதிமன்றத்தின் உயரமான குவிமாடத்தில். 1977-இல்தான் மெரினாவுக்குப் போனது. ஆண்டு எதையும் நீங்கள் கேட்கவில்லை. ஆனால் ஆடுபவர் சாலைக்கு இந்தப் பக்கம் நின்று அந்தச் செங்கல் கோபுரங்களில் எது உயரம் என்று பார்த்தே ஆக வேண்டும். விடை போட்டதும் இந்தக் கதையைச் சொல்லுங்கள். வெறுமனே ‘சரி, அடுத்தது’ என்று காட்டுகிற ஆட்டங்களைப் பார்த்தால் எனக்கு ஆற்றாமையாக இருக்கும். கஷ்டப்பட்டுக் கண்டுபிடித்தவருக்குக் கதை கேட்கும் பசி அந்த நிமிடத்தில்தான் இருக்கிறது.

இரண்டாவது, நிலைத்திருப்பதை வைத்துக் கேளுங்கள். கடைப் பலகை, சுவரொட்டி, பெயின்ட் நிறம் எல்லாம் அடுத்த பண்டிகைக்குள் மாறிவிடும். கல்வெட்டு, வார்ப்பிரும்பு, மணிக்கூண்டு, தரையில் பதித்த கல் இவையெல்லாம் இருக்கும்.

தரைக் கல்லுக்கு அரண்மனைக்காரன் தெரு மாதிரி ஓர் இடம் கிடையாது. ஆர்மீனியன் தெரு என்றால் எல்லோருக்கும் தெரியும். 1712-இல் முதலில் கட்டி, 1772-இல் இப்போதைய வடிவில் எழுப்பிய ஆர்மீனியத் தேவாலயம் அங்கே இருக்கிறது. வாசல் தாண்டினால் தெருவின் இரைச்சல் அப்படியே அடங்கிவிடும். கோயில் தனி, மணிக்கூண்டு தனி. கூண்டில் ஆறு பெரிய மணிகள். முற்றத்துத் தரையில் கல்லறைக் கற்கள், அவற்றில் நமக்குப் பழக்கமில்லாத வளைவு எழுத்துகள். அங்கே அடக்கமாகியிருக்கும் பாதிரியார் ஹாருத்யுன் ஷ்மாவோன்யான்தான் 1794-இல் ‘அஸ்தரார்’ என்ற இதழை நடத்தியவர். ஆர்மீனிய மொழியில் உலகத்திலேயே வெளிவந்த முதல் பத்திரிகை அது. அச்சானது நம் சென்னையில்! பத்திரிகையில் எழுதுகிறவள் என்பதால் அந்த இடத்தில் எனக்கு எப்போதும் கை தானாகக் கூப்பிக்கொள்ளும். அந்த எழுத்துகளில் ஒன்றைப் பார்த்து வரைந்து கொண்டுவரச் சொல்லுங்கள். வரைகிற கை நிதானமாகும், கண்ணும் நிதானமாகும். ஆனால் கல்லை மிதிக்கச் செய்யும் துப்பு வேண்டாம். அது கல்லறை.

மூன்றாவது, ஜிபிஎஸ்ஸை நம்பி ஆட்டத்தைக் கட்டாதீர்கள். தம்பு செட்டித் தெரு மாதிரி இரண்டு பக்கமும் கட்டடம் நெருக்கியடிக்கும் இடத்தில் சிக்னல் சுவரில் பட்டுத் திரும்பி, பக்கத்துத் தெருவில் நிற்பதாகக் காட்டும். எழுத்தோ எண்ணோ விடையாக இருந்தால் இந்தத் தொல்லையே இல்லை. ஆண்டர்சன் தெருவில் மூக்கையும் வேலை வாங்கலாம். புதுக் காகிதமும் கல்யாணப் பத்திரிகை மையும் கலந்த அந்த வாசனையை எந்த வரைபடமும் காட்டாது.

எழுதி முடித்ததும், அந்தப் பக்கமே தெரியாத ஒருவரிடம் கொடுத்து நடக்கவிடுங்கள். நீங்கள் பின்னாலேயே போங்கள், ஆனால் வாயைத் திறக்காதீர்கள். அவர் எங்கே நின்று முழிக்கிறாரோ அங்கே திருத்துங்கள்.

எங்கள் தெருக்களுக்குக் கேமராவோடு வருகிறார்கள். ‘வடசென்னை வாழ்க்கை’ என்று எதையோ எடுத்துப் போடுகிறார்கள். இந்த விளையாட்டும் அதே கதைதானே? — வாசகர், காசிமேடு

உங்கள் கோபம் நியாயமானது. அதைச் சமாதானப்படுத்த நான் வரவில்லை. மீன் ஏலம் விடுகிற நேரத்தில் குறுக்கே நின்று படம் எடுப்பது வேலையைக் கெடுப்பது. வீட்டு வாசலில் தலை பின்னிக்கொண்டிருப்பவரைத் துப்பாக்குவது அதைவிடக் கேவலம். நான் போடும் நடைகளில் மனிதர்கள் விடையாக இருக்கவே மாட்டார்கள். வீடுகளும் மாட்டா. பொதுவில் நிற்கும் கல்லும் கட்டடமும் மட்டும்தான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இதை வெளியூர்க்காரர்களுக்கான விளையாட்டு என்று விட்டுவிடாதீர்கள். ராயபுரம் ஸ்டேஷனிலிருந்து 1856-இல் வாலாஜா ரோடு வரை தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் கிளம்பியது. அந்தக் கட்டடத் தூண்களைத் தினமும் பார்த்து வளரும் பிள்ளைகளில் பலருக்கு இது தெரியாது. பாடப் புத்தகத்தில், இந்தியாவின் முதல் பயணிகள் ரயில் ஓடிய போரிபந்தரும் தாணேயும் வருகிற அளவுக்கு ராயபுரம் வருவதில்லை. நம் பிள்ளைகள் முதலில் ஆடட்டும். புதிரையும் அவர்களே எழுதட்டும். யார் எழுதுகிறார்களோ அவர்கள் பார்வையில்தான் ஊர் தெரியும்.

பத்து வயது மகளோடு போகலாமா? எந்த நாள், எவ்வளவு நேரம், எந்த வழி? — ஒரு தந்தை, வியாசர்பாடி

தாராளமாகப் போகலாம். ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்குத் தொடங்குங்கள். மொத்த வியாபாரக் கடைகள் பெரும்பாலும் மூடியிருக்கும், மீன்பாடி வண்டியும் லோடு ஆட்டோவும் இடிக்காது. ஆர்மீனியத் தேவாலயம் திறக்கும் நேரத்தை மட்டும் முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். நீதிமன்ற வளாகத்துக்குள் போக வேண்டாம், பாதுகாப்புக் கெடுபிடி உண்டு, வெளியிலிருந்தே போதும். 1914 செப்டம்பர் 22 இரவு ஜெர்மனியின் எம்டன் போர்க்கப்பல் குண்டு போட்டதற்கான கல்வெட்டு அதன் கிழக்கு மதிலில் இருக்கிறது. துறைமுகப் பக்கம் படம் எடுக்காதீர்கள்.

பாரிமுனையில் தொடங்கி, ஆர்மீனியன் தெரு, காளிகாம்பாள் கோயில் இருக்கும் தம்பு செட்டித் தெரு, பிறகு மேற்கே வந்து கந்தகோட்டம். அங்கே முருகன் மேல் வள்ளலார் தெய்வமணிமாலை பாடினார். சின்னப் பிள்ளைக்கு இதுவே போதும், இடையில் இட்லிக்கு உட்கார்ந்துவிட்டு வரலாம். தெம்பு இருந்தால் ஆட்டோ பிடித்துப் பழைய ஜெயில் ரோடு மாடிப் பூங்காவில் முடியுங்கள். ஹைதர் அலியின் குதிரைப்படை வந்துபோன பயத்தில் நகரைச் சுற்றிக் கட்டிய மதிலில் மிஞ்சிய துண்டு அது. அந்த மதிலுக்காக மக்களிடம் வரி கேட்டார்கள், கடைசிவரை வசூலாகவில்லை. வால்டாக்ஸ் (மதில் வரி) ரோடு என்ற பெயர் மட்டும் நிற்கிறது. ‘கட்டாத வரிக்கு ஒரு சாலை, அது எது?’ என்று மகளிடம் கேட்டுப் பாருங்கள்.

எனக்கு முட்டி வலி, மாடி ஏறுவதே பாடு. பேரப்பிள்ளைகள் இதைப் பற்றியே பேசுகிறார்கள். நான் வேடிக்கை மட்டும்தானா? — வாசகி, பழைய வண்ணாரப்பேட்டை

ஏன் அம்மா அப்படி? நீங்கள்தான் அவர்களுடைய உதவித் துப்பு! பிள்ளைகள் தெருவில் சிக்கி நின்றால் உங்களுக்குப் போன் போடட்டும். கொத்தவால்சாவடி காய்கறிச் சந்தை 1996-இல் கோயம்பேட்டுக்குப் போவதற்கு முன்னால் அந்தத் தெருக்கள் விடியற்காலையில் எப்படி இருந்தன, எந்த முனையில் வாழைக்காய், எந்த முனையில் கருவேப்பிலை என்று உங்களுக்குத்தான் தெரியும். அதில் நீங்களே இரண்டு மூன்று துப்பு எழுதிக் கொடுங்கள். எழுத முடியாவிட்டால் சொல்லுங்கள், பேத்தி எழுதிக்கொள்வாள். எனக்கும் ஒரு பிரதி அனுப்பச் சொல்லுங்கள், அடுத்த இதழில் போடுகிறேன்.

நடந்து முடித்தால் சாப்பிட எங்கே? — வாசகர், மணலி

மாலையில் முடித்தால் பீச் ஸ்டேஷன் எதிர்ப்பக்கம் வாருங்கள். பர்மாவிலிருந்து திரும்பி வந்த நம் மக்கள் கொண்டுவந்த அத்தோ தள்ளுவண்டியில் கிடைக்கும். நூடுல்ஸில் முட்டைக்கோஸும் புளித்தண்ணீரும் வறுத்த வெங்காயமும் போட்டுக் கையாலேயே பிசைந்து தருவார்கள். கூட வாழைத்தண்டு சூப். காரம் குறைவாக வேண்டுமென்றால் பிசைவதற்கு முன்பே சொல்லிவிடுங்கள்.