ரோனி பார்க்கர் ஏன் வேறு பெயரில் எழுதினார்?

பிரிட்டிஷ் நகைச்சுவை நடிகர் ரோனி பார்க்கர் புனைபெயரில் எழுதியது ஏன் என்று கேட்டிருக்கிறீர்கள். நட்சத்திரம் எழுதியது என்றால் குறை சொல்ல எல்லோரும் தயங்குவார்கள். தன் நகைச்சுவைக் காட்சிகளைத் தரத்தை மட்டும் பார்த்து எடுக்கட்டும் என்றுதான் 'ஜெரால்ட் வைலி' ஆனார். கூட நடித்த ரோனி கார்பெட்டுக்கே முதலில் தெரியாது. பிறகு ஒரு விருந்தில் பார்க்கரே எழுந்து, வைலி என்பது தான்தான் என்று போட்டுடைத்தார்.

வைலி என்ற பெயரில் அவர் எழுதி, 1976இல் ஒளிபரப்பான இரும்புக்கடைக் காட்சியைப் பாருங்கள். பார்க்கர் கேட்பது 'ஃபோர்க் ஹேண்டில்ஸ்', அதாவது தோட்ட முள்கரண்டிக்குக் கைப்பிடி. 'ஹ' ஒலியை அவர் விழுங்கிவிட, கடைக்காரரான கார்பெட் காதில் விழுவது 'ஃபோர் கேண்டில்ஸ்'. நான்கு மெழுகுவத்திகளை எடுத்து வைக்கிறார். மொழிபெயர்த்தால் உயிர்போய்விடும் நகைச்சுவை!

1987இல் ஓய்வு பெற்றவர், இங்கிலாந்தின் சிப்பிங் நார்ட்டன் ஊரில் பழம்பொருள் கடை நடத்தினார். 'ஓப்பன் ஆல் அவர்ஸ்' தொலைக்காட்சித் தொடரில் கடைக்காரராக நடித்த அவருக்கு அந்த வேடம் புதிதல்லவே.