போர்க்காலத்தில் விவசாயிகள் தங்களைத் தாங்களே காத்துக்கொள்வதைப் பற்றி நல்ல வரலாற்று நாவல் இருக்கிறதா?

இருக்கிறது. ஜெர்மன் எழுத்தாளர் ஹெர்மன் லோன்ஸ் 1910இல் எழுதிய ‘வேர்வொல்ஃப்’. நான் ஆங்கில மொழிபெயர்ப்பில் படித்தேன்.

முப்பதாண்டுப் போர்க்காலம் (1618–1648), வட ஜெர்மனியின் லூனபர்க் பகுதி. அன்றைய படைகளுக்கு ஒழுங்கான சம்பளம் கிடையாது. போகிற வழியில் இருக்கிற ஊர்தான் சோறு போட வேண்டும். நம் படை, எதிரிப் படை என்ற வித்தியாசமெல்லாம் குடியானவனுக்கு இல்லை. தானியத்தை எங்கே ஒளித்திருக்கிறான் என்று கறக்க, ஆளைக் கட்டிப்போட்டு, வாயைப் பிளந்து, சாணிக்குழித் தண்ணீரை ஊற்றுவார்கள். இந்தச் சித்திரவதைக்கு ‘ஸ்வீடன் பானம்’ என்று பெயரே இருந்தது.

நாவலின் நாயகன் ஹார்ம் வுல்ஃப் ஒரு விவசாயி. கொள்ளைச் சிப்பாய்கள் அவன் மனைவி மக்களைக் கொன்றுவிடுகிறார்கள். ஊரும் எரிகிறது. மிஞ்சியவர்கள் சதுப்புக்காட்டுக்குள் போய், மண்கரை எழுப்பிப் புது ஊர் கட்டுகிறார்கள். அப்புறம் எல்லைக்குள் நுழைகிறவன் உயிரோடு திரும்புவதில்லை. பிடிபட்டவனை, கயிறு மாதிரி முறுக்கிய மரக்கொம்பாலேயே மரத்தில் தொங்கவிடுகிறார்கள்.

தலைப்பிலேயே ஒரு விளையாட்டு உண்டு. ஜெர்மனில் ‘வேர்வொல்ஃப்’ என்றால் ஓநாயாக மாறும் மனிதன். லோன்ஸ் அதில் ஒரே ஓர் எழுத்தைக் கூட்டினார். உச்சரிப்பு அதேதான், ஆனால் இப்போது முன்பாதிக்குத் தற்காப்பு என்று பொருள். நாயகனின் பெயரிலும் ஓநாய் இருக்கிறது. என்னை உலுக்கியது இதுதான்: தற்காப்புக்காகக் கிளம்பியவன் புத்தகத்தின் எந்தப் பக்கத்தில் ஓநாய் ஆனான்? எவ்வளவு தேடியும் அந்தப் பக்கம் எனக்கு அகப்படவில்லை. ஆரம்பத்தில் சிரித்துப் பேசுகிற ஹார்ம், போகப்போகக் களை பறிக்கிற மாதிரி ஆளைக் கொல்கிறான். பிள்ளைகளைப் பறிகொடுத்தவன் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. ஆனால் ஆசிரியர் அவனை எங்கேயும் தடுத்து நிறுத்தாதது வலித்தது.

நாஜிகள் இந்த நாவலைத் தலையில் வைத்துக் கொண்டாடினார்கள். 1944இல் அவர்கள் தொடங்கிய கெரில்லா அமைப்பின் பெயரும் ‘வேர்வொல்ஃப்’தான். லோன்ஸ் அதையெல்லாம் பார்க்கவில்லை. 1914இல், 48 வயதில், முதல் உலகப்போருக்குத் தானாகவே போய், சில வாரங்களிலேயே பிரான்சில் ரைம்ஸ் நகருக்கு அருகே செத்துப்போனார். நாவலை எழுதியபோது அவர் போர்முனையைக் கண்டவரில்லை.

அதனால் இதைத் தனியாகப் படிக்காதீர்கள். கூடவே கிரிம்மல்ஸ்ஹவுசன் 1668இல் வெளியிட்ட ‘சிம்ப்ளிசிஸிமஸ்’ நாவலையும் எடுத்துக்கொள்ளுங்கள். சிறுவனாக இருந்தபோதே அதே போரில் சிப்பாய்களிடம் அகப்பட்டவர் அவர். அதில் ஒரு காட்சி: சிப்பாய்கள் மண்ணைத் தோண்டி ஒரு பீப்பாயை வெளியே எடுக்கிறார்கள். உள்ளே அவர்களுடைய ஆள் ஒருவன், மூக்கும் காதும் அறுபட்டு, இன்னும் உயிரோடு. புதைத்தவர்கள் விவசாயிகள்.